பாக்கு நீரிணை: இதில் பாக்கு ஏது?

யாழ்ப்பாணக் குடாநாட்டின் வடகரைக்கும் கோடியக்கரைக்கும் நடுவே கிடக்கிற கடலைப் பாடநூல்கள் பாக்கு நீரிணை என்கின்றன. பெயரைக் கண்டதும், கொட்டைப்பாக்கு ஏற்றிய தோணிகள் போய்வந்த வழி என்று விளக்கம் சொல்வோர் உண்டு. அது பிழை. கமுகுக்கும் இந்தப் பெயருக்கும் தொடர்பே இல்லை.

1763 முதல் 1767 வரை சென்னையில் கிழக்கிந்தியக் கம்பனியின் ஆளுநராக இருந்தவர் ராபர்ட் பாக். பெயர் அவருடையது. அதன் ஆங்கில எழுத்துக்கூட்டலில் லகரம் உண்டு, உச்சரிப்பில் இல்லை. ஆகவே 'பால்க்' என்று எழுதுவதும் தவறுதான். தமிழ்ச் சொல் வல்லின மெய்யில் முடியாது என்பதால் 'பாக்' உகரம் பெற்றுப் 'பாக்கு' ஆயிற்று. இலக்கணப்படி சரியான மாற்றம். ஆனால் வெற்றிலைத் தட்டில் அதே ஒலியோடு ஒரு சொல் முன்பே இருந்ததுதான் குழப்பத்துக்குக் காரணம்.

தமிழ்நாட்டுப் பத்திரிகைகள் 'பாக் ஜலசந்தி' என்று எழுதும். ஜலம், சந்தி இரண்டும் வடசொல். நீரிணை அதே கருத்தைத் தமிழில் சொல்கிறது: நீரும் நீரும் இணையும் இடம். மாணவர் பலர் இதை 'இரு நிலங்களை இணைக்கும் நீர்' என்று எழுதிவிடுகிறார்கள். நீரிணை நிலங்களைப் பிரிக்கும், கடல்களைத்தான் இணைக்கும். இங்கே வடகிழக்கில் வங்காள விரிகுடா, தென்மேற்கில் பாக்கு விரிகுடா. நிலத்தோடு நிலத்தை இணைப்பது பூசந்தி.

விரிகுடாவையும் நீரிணையையும் ஒன்றாக்குவது செய்திகளில் அடிக்கடி நடக்கிறது. தலைமன்னாருக்கு வடக்கே உள்ளது பாக்கு விரிகுடா. ஆதாம் பாலம் எனப்படும் இராமர் அணைக்குத் தெற்கே மன்னார் வளைகுடா. 1974ஆம் ஆண்டின் இலங்கை–இந்திய உடன்பாடுகூட, 'பாக்கு நீரிணை முதல் ஆதாம் பாலம் வரை' என்றுதான் எல்லை வகுக்கிறது. அவை பாக்கு விரிகுடாவின் இரு முனைகள்.

யாழ்ப்பாணத்தை ஆண்ட ஆரியச் சக்கரவர்த்திகளின் நாணயங்களில் 'சேது' என்ற சொல் இருப்பதால், நீரிணைக்கே அந்தப் பெயரை வைக்கலாம் என்று சிலர் சொல்கிறார்கள். சேது என்பது அந்த இராமர் அணைதான், இராமேசுவரத்தை அடுத்த மணல்திட்டுத் தொடர். அதை வடக்கே இழுத்துவருவது பொருந்தாது.

யாழ்ப்பாணத்துத் தீவுகளுக்கு ஒல்லாந்தரும் (டச்சுக்காரர்) பெயர் வைத்தார்கள். காரைதீவு ஆம்ஸ்டர்டாம், புங்குடுதீவு மிடில்பேர்க். ஊர்ச்சனம் தன் பெயரை விடாததால் அவை உதிர்ந்தன; நெடுந்தீவின் 'டெல்ப்ட்' மட்டும் ஆங்கிலத்தில் நிற்கிறது. கரையில் நின்று பேசும்போது நமக்கு இந்த நீரிணை வடகடல், அப்படிச் சொல்வதில் குறையில்லை. வரைபடத்திலும் கட்டுரையிலும் பாக்கு நீரிணை என்று இடம்விட்டு எழுதுங்கள். நடுவில் ஒற்று மிகாது.