தெயோதோக்கோஸ்: இறைவனை ஈன்றவர்

இயேசுவின் தாய் மரியாவைக் குறிக்கக் கிரேக்கத் திருச்சபையார் கையாண்ட அடைமொழியே ‘தெயோதோக்கோஸ்’. ‘தெயோஸ்’ என்பது கடவுள். ‘தோக்கோஸ்’ என்பது ஈனுதலைக் குறிக்கும் ‘திக்தோ’ என்னும் வினையின் அடியாகப் பிறந்தது. இரண்டும் சேர்ந்து ‘கடவுளை ஈன்றவர்’ என்று பொருள் தருகின்றன. ஒலியழுத்தம் ‘தோ’ என்னும் அசையில் விழுந்தால்தான் இப்பொருள் கிடைக்கும். அது முந்திய அசைக்கு நகர்ந்துவிட்டால், அதே எழுத்துகள் ‘கடவுளிடமிருந்து பிறந்தவர்’ என்று பொருள்படும். ஈன்றவரா, ஈனப்பட்டவரா என்பதை ஓர் அழுத்தம் தீர்மானிக்கிறது.

இச்சொல் 431இல் ஆயர்கள் எபேசு நகரில் கூடிய பொதுச்சங்கத்தில் உருவானதன்று. அதற்கு ஒரு நூற்றாண்டுக்கு முன்பே அலெக்சாந்திரியா ஆயர் அலெக்சாந்தர் தம் மடலொன்றில் இதை எழுதியிருக்கிறார். நான்காம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில், மரியாவைத் தெயோதோக்கோஸ் என்று ஏற்காதவர் இறைமையிலிருந்தே பிரிந்தவர் என்று நாசியான்சு நகரக் கிரகோரி கடுமையாகவே எழுதினார். எகிப்தில் கிடைத்த பாப்பிரஸ் ஏடொன்றில் இச்சொல்லை விளியாகக் கொண்ட ஒரு மன்றாட்டு இருக்கிறது. அந்த ஏடு மூன்றாம் நூற்றாண்டினது என்பாரும் பிந்தியது என்பாரும் உளர். தமிழ்க் கத்தோலிக்கர் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவரும் ‘சர்வேசுரனுடைய அர்ச்சியசிஷ்ட மாதாவே, இதோ உம்முடைய சரணமாக ஓடிவந்தோம்’ என்ற செபம் அந்த மன்றாட்டின் வழிவந்ததுதான்.

செபத்தில் புழங்கிக்கொண்டிருந்த சொல் கோட்பாட்டுச் சொல்லாக மாறியது ஒரு சண்டையால். 428இல் கான்ஸ்டாண்டிநோபிளின் பேராயராகப் பொறுப்பேற்ற நெஸ்தோரியுஸ், படைக்கப்பட்ட ஒருத்தி படைத்தவரை ஈன்றாள் என்று சொல்வது எப்படிப் பொருந்தும் என்று கேட்டார். கிறிஸ்துவிடம் உள்ள இறைத்தன்மையும் மனிதத்தன்மையும் ஒன்றோடொன்று கலந்துவிடக் கூடாது என்பதே அவருடைய கவலை. அதனால் ‘கிறிஸ்துவை ஈன்றவர்’ என்று பொருள்படும் ‘கிறிஸ்தோதோக்கோஸ்’ என்ற சொல்லை அவர் முன்வைத்தார். அதே நகரில் அக்காலத்தில் வாழ்ந்த சாக்ரட்டீஸ் என்னும் வரலாற்றாசிரியர், நெஸ்தோரியுஸ் இச்சொல்லைக் கண்டு பூச்சாண்டியைக் கண்டதுபோல மிரண்டார் என்று சற்றே ஏளனமாகக் குறித்திருக்கிறார். ஆனால் நெஸ்தோரியுஸின் கேள்வி வெறும் பயத்தில் எழுந்ததன்று. இன்றும் இச்சொல்லை முதன்முறையாகக் கேட்கும் எவருக்கும் எழக்கூடிய கேள்விதான் அது.

அதற்கு அலெக்சாந்திரியாவின் ஆயர் சிரில் மடல் வழியாக விடையளித்தார். இறைவார்த்தையின், அதாவது இறைமகனின், இறைத்தன்மை மரியாவிடம் தொடங்கியதாக எவரும் சொல்லவில்லை. அறிவுள்ள ஆன்மாவோடு கூடிய திருவுடல் அவரிடமிருந்து பிறந்தது, இறைவார்த்தை அந்த உடலோடு ஒன்றாக இணைந்திருந்தது, ஆகையால் பிறந்தவர் இறைவார்த்தையே என்பது அவர் வாதம். தாய் பெறுவது ஓர் ஆளை. ஓர் இயல்பை மட்டும் எவளும் பெறுவதில்லை. பிறந்த அந்த ஆள் யார் என்பதற்கான விடையாகவே சிரில் இச்சொல்லைப் பிடித்துக்கொண்டார். மரியாவின் பெருமையை உயர்த்த வந்த பட்டம்போலத் தோன்றினாலும், எபேசில் வழக்கு நடந்தது கிறிஸ்துவைப் பற்றி.

பேரரசர் இரண்டாம் தெயோதோசியுஸ் கூட்டிய அந்தப் பொதுச்சங்கம் 431 ஜூன் 22 அன்று, எபேசில் மரியாவின் பெயர் தாங்கிய கோவிலில் தொடங்கியது. அந்தியோக்கியாவின் ஆயர் யோவானும் அவரோடு வந்த கீழைநாட்டு ஆயர்களும் இன்னும் வந்து சேரவில்லை; பேரரசரின் அலுவலரும் ஆயர்கள் பலரும் எதிர்த்தார்கள். சிரில் காத்திருக்கவில்லை. புதிய நம்பிக்கை அறிக்கை எதையும் அங்கே எழுதவில்லை. சிரிலின் மடல் வாசிக்கப்பட்டது. அது 325இல் நீசேயா பொதுச்சங்கம் வகுத்த நம்பிக்கை அறிக்கையோடு ஒத்திருக்கிறது என்று ஆயர்கள் ஒருவர்பின் ஒருவராக எழுந்து சொன்னார்கள். நெஸ்தோரியுஸின் மடல் ஒத்திருக்கவில்லை என்று சொல்லி, அவரைப் பதவி நீக்கினார்கள். பழைய அறிக்கைக்கு எந்த விளக்கம் சரியென்று அவை கூடி முடிவுசெய்ததே கோட்பாடாயிற்று. விடியல் முதல் காத்திருந்த நகர மக்கள் அன்று இரவு தீப்பந்தங்களோடு ஆயர்களை விடுதிவரை அழைத்துச் சென்றதையும், பெண்கள் தூபக்கலசம் ஏந்தி முன்னே நடந்ததையும் சிரில் தம் ஊர்க் குருக்களுக்கு எழுதிய கடிதத்தில் மகிழ்ச்சியோடு விவரிக்கிறார்.

ஆனால் கதை அந்த ஊர்வலத்தோடு முடியவில்லை. சில நாள்களில் வந்துசேர்ந்த யோவான் தனி அவை கூட்டிச் சிரிலைப் பதவி நீக்கினார். பேரரசரோ முதலில் இரு தரப்புத் தீர்ப்பையும் ஏற்று, சிரிலையும் நெஸ்தோரியுஸையும் ஒருசேரக் காவலில் வைத்தார். பிறகு அரண்மனையின் மனம் மாறியது. அரண்மனைப் பெரியவர்களுக்கு அலெக்சாந்திரியாவிலிருந்து போன கம்பளங்கள், தந்த நாற்காலிகள், தங்கம் ஆகியவற்றின் பட்டியல் இன்றும் எஞ்சியிருப்பதால், அந்த மனமாற்றத்துக்கு இறையியல் மட்டுமே காரணம் என்று சொல்வது கடினம். இருந்தும் 433இல் யோவானும் சிரிலும் சமரசம் செய்துகொண்டபோது, அந்தியோக்கியாத் தரப்பு ஆயர்கள் வகுத்த உடன்பாட்டு வாசகத்திலேயே தெயோதோக்கோஸ் இடம்பெற்றது. 451இல் கால்செதோன் பொதுச்சங்கம் அதோடு ‘மனிதத்தன்மையின்படி’ என்ற தொடரையும் சேர்த்து எழுதியது. நெஸ்தோரியுஸின் கவலைக்கு ஓரளவு இடம் கிடைத்தது, அவர் எகிப்துக்கு நாடு கடத்தப்பட்டு ஆண்டுகள் பல கழிந்தபின்.

இலத்தீன் இச்சொல்லை ‘தேயி கெனித்ரிக்ஸ்’, ‘மாத்தர் தேயி’ என இரு வகையில் கொண்டது. முன்னது ஈன்றவர், பின்னது தாய். தமிழ் மறைபரப்பாளர்கள் இலத்தீன் வழியே வந்தவர்கள். ஆகவே ‘சர்வேசுரனுடைய மாதா’, ‘தேவமாதா’ என்று ‘தாய்’ வழக்கே இங்கே ஊன்றியது. பின்னர் அதுவே ‘இறைவனின் தாய்’ ஆயிற்று. ஜனவரி 1ஆம் நாள் பெருவிழாவின் பெயரும் அதுவே. சீர்திருத்தத் திருச்சபைகள் இவ்வழக்கை மிகுதியாகக் கையாளாவிட்டாலும், ‘என் ஆண்டவருடைய தாயார்’ என்று எலிசபெத்து மரியாவை அழைக்கும் லூக்கா 1:43 அவர்கள் விவிலியத்திலும் இருப்பதுதான்.

தமிழில் எதைக் கொள்வது? ‘தேவமாதா’, ‘இறையன்னை’ ஆகியவை ஓசையால் இனியவை. ஆனால் வேற்றுமை உருபு தொக்கு நிற்பதால், இறைவனுக்கு அன்னை என்றும் இறைவியாகிய அன்னை என்றும் இரு வகையாக விரிக்க இடம் தருகின்றன. பின்னதை எந்தப் பொதுச்சங்கமும் சொல்லவில்லை. ‘இறைவனைத் தாங்கியவர்’ என்பதைச் சிலர் எழுதுகிறார்கள். அது ‘தெயோஃபோரோஸ்’ என்ற வேறொரு கிரேக்கச் சொல்லுக்கு நேரானது. அந்தியோக்கியாவின் இஞ்ஞாசியார் தமக்கே அப்பெயரைச் சூட்டிக்கொண்டார். தாங்கியவர் என்பதை நெஸ்தோரியுஸ் தயங்காமல் ஏற்றிருப்பார் என்பதே அது போதாது என்பதற்குச் சான்று. ‘பெற்றவர்’ என்பது தந்தைக்கும் பொதுவாகிவிடும். ‘ஈன்று புறந்தருதல்’ என்று சங்கப் பாட்டு ஈனுதலையும் வளர்த்தலையும் பிரித்து நிறுத்துவதால், ‘இறைவனை ஈன்றவர்’ என்பதே சொல்லுக்குச் சொல் நேரான தமிழ். பேச்சு வழக்கில் ‘ஈனுதல்’ பெரும்பாலும் மாடு கன்றோடு நின்றுவிட்டது உண்மையே. ஆகையால் செபத்தில் ‘இறைவனின் தாய்’ தொடரட்டும், கோட்பாட்டு விளக்கத்தில் ‘இறைவனை ஈன்றவர்’ வரட்டும்.

‘கிறிஸ்துவின் தாய்’ என்பதைத் தவறான சொல்லாக ஒதுக்கிவிடவும் கூடாது. எபேசு பொதுச்சங்கத்தை ஏற்காத அசீரியக் கீழைத் திருச்சபை அச்சொல்லையே வழிபாட்டில் காத்துவந்தது. 1994 நவம்பர் 11 அன்று திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலும் அத்திருச்சபையின் தலைவர் நான்காம் மார் திங்காவும் ஒப்பமிட்ட கூட்டறிக்கை, இரு வழக்குகளும் ஒரே நம்பிக்கையைச் சொல்கின்றன என்று ஏற்றது. அவ்வறிக்கையைத் தமிழாக்குவோர் இரண்டுக்கும் ஒரே சொல்லைப் போடாமல், ஒவ்வொன்றையும் அதனதன் இடத்தில் வேறுபடுத்தியே எழுத வேண்டும்.