ஹோம்ஸ்டெட் என்றால் மனைப்படப்பை

புதுச்சேரியில் ஒருவரிடம் "ஹோம்ஸ்டெட் ஆரம்பிக்கப் போறேன்" என்று சொல்லிப் பாருங்கள். "எந்தத் தெருவுல? ஒரு ரூமுக்கு நாள் வாடகை எவ்வளவு?" என்றுதான் பதில் வரும். தெருவுக்குத் தெரு ஹோம்ஸ்டே பலகை தொங்குகிற ஊரில் அந்தக் கடைசி 'ட்' யார் காதிலும் விழாது. கடலூர்ப் பக்கம் போனால் ஹோம்ஸ்டே குழப்பம் இல்லை, சொல்லே புரியாது. ஆனால் அந்தச் சொல் குறிக்கும் பொருள் பண்ருட்டி, குறிஞ்சிப்பாடிப் பக்கத்துச் செம்மண்ணில் நிறையவே இருக்கிறது. பொருள் இருந்தும் பெயரை இரவல் வாங்குவானேன் என்பதால்தான் இந்த விளக்கம்.

இன்றைய வழக்கில் ஹோம்ஸ்டெட் என்பது வீடும் அதை ஒட்டிய நிலமும் சேர்ந்த ஒரே இடம். குடியிருப்பவர்களே பயிர் வைத்து, ஆடு மாடு கோழி வளர்த்து, தங்கள் சாப்பாட்டில் பெரும்பங்கை அங்கிருந்தே எடுத்துக்கொள்வார்கள். மிஞ்சியதை விற்கலாம். ஆனால் விளைச்சலில் முதல் உரிமை அடுப்படிக்கு, அப்புறம்தான் சந்தைக்கு. அப்படி வாழ்வது ஹோம்ஸ்டெடிங், வாழ்கிறவர் ஹோம்ஸ்டெடர்.

பழைய ஆங்கிலத்தில் 'ஹாம்' என்றால் வீடு, ஊர். 'ஸ்டெடெ' என்றால் இடம். பர்மிங்ஹாம், நாட்டிங்ஹாம் என்ற ஊர்ப்பெயர்களின் வாலில் இருப்பது இந்த ஹாம்தான். லண்டனில் ஹாம்ப்ஸ்டெட் என்று பணக்காரர்கள் வாழும் ஒரு பகுதி இருக்கிறதே, அது இதே சொல்லின் இன்னொரு உரு. ஆக, முதலில் இதற்கு 'வீடு இருக்கும் இடம்' என்பதற்கு மேல் பெரிய பொருள் கிடையாது.

சொல்லைத் தூக்கி நிறுத்தியது அமெரிக்கா. 1862 மே 20 அன்று ஆபிரகாம் லிங்கன் கையெழுத்திட்ட ஹோம்ஸ்டெட் சட்டப்படி, குடும்பத் தலைவராகவோ 21 வயது நிரம்பியவராகவோ இருப்பவர் 160 ஏக்கர் வரை அரசு நிலம் கேட்கலாம். சிறு கட்டணம் கட்டி, அங்கே வீடு கட்டி, ஐந்து ஆண்டு குடியிருந்து பயிர் செய்தால் நிலம் சொந்தம். 160 ஏக்கர் என்பது அரை மைலுக்கு அரை மைல் சதுரம். அதை நம் ஊர்க் கணக்கில் போட்டுப் பார்த்தால் ஒரு வேடிக்கை. புதுச்சேரிப் பக்கம் ஒரு குழி என்பது 24 அடிக்கு 24 அடி, அதாவது 576 சதுர அடி (தஞ்சாவூர்க் குழி வேறு, 144 சதுர அடி). 100 குழி ஒரு காணி. அரை மைல் 2,640 அடி. 24ஆல் வகுத்தால் 110. ஆகவே 110 பெருக்கல் 110, மொத்தம் 12,100 குழி. அதாவது 121 காணி, ஒரு குழி கூடாமல் குறையாமல்.

ஒரு குடும்பத்துக்கு 121 காணி! நம்மூரில் அதைச் சிறு விவசாயம் என்று சொன்னால் சிரிப்பார்கள். அந்த நிலம் வெறுமனே கிடந்ததும் இல்லை. பெரும்பாலும் அங்கே வாழ்ந்த பழங்குடி மக்களிடமிருந்து பறித்தது. சட்டம் 1976இல் ரத்தானது, அலாஸ்காவில் மட்டும் இன்னும் பத்து ஆண்டு ஓடியது. ஆனால் நகரத்தை விட்டுக் கிளம்பிய 1960கள், 70களின் இளைஞர்கள் அந்தச் சொல்லை எடுத்து வேறு பொருள் கொடுத்துவிட்டார்கள். நிலம் பிடிப்பது என்பது போய், சொந்தக் கையால் உண்டு வாழ்வது என்றானது. இணையத்தில் இன்று புழங்குவது இந்த இரண்டாம் பொருள்தான். தமிழ்ச் சொல் தேடும்போதும் இதையே மனத்தில் வைக்க வேண்டும்.

சரி, தமிழில் என்ன சொல்கிறார்கள்? 'பண்ணை வீடு' என்று சிலர் எழுதுகிறார்கள். கிழக்குக் கடற்கரைச் சாலையில் போய்ப் பார்த்தால் தெரியும், பண்ணை வீடு என்பது சனிக்கிழமை வந்து ஞாயிற்றுக்கிழமை பூட்டிவிட்டுப் போகிற வீடு. அங்கே விளைவது புல்தரை. 'பண்ணை' என்பதிலேயே எனக்கு ஒரு சங்கடம் உண்டு. பண்ணையார், பண்ணையாள் என்று இரண்டு பேரை உடனே கூட்டி வரும் சொல் அது. ஆளை வைத்து வேலை வாங்கும் இடத்தின் பெயர், சொந்தக் கையால் உழைப்பவர் இடத்துக்கு எப்படிப் பொருந்தும்? 'வீட்டுப்பண்ணை' என்றால் காதில் கோழிப்பண்ணைதான் விழும், கடலோர ஊர்களில் இறால் பண்ணை. வேளாண் துறையார் சொல்லும் 'ஒருங்கிணைந்த பண்ணையம்' நல்ல சொல், ஆனால் அது பயிர், கால்நடை, மீன் எல்லாவற்றையும் ஒன்றோடொன்று கோத்துச் செய்யும் முறையின் பெயர். அதில் வீடு கிடையாது, விற்பனையே முதன்மையாகவும் இருக்கலாம்.

'தற்சார்பு வாழ்க்கை' அருமையான சொல். தன் + சார்பு, வல்லினம் வந்ததால் னகரம் றகரமாகித் தற்சார்பு, தற்காப்பு போல. நம்மாழ்வார் வழியில் இயற்கை வேளாண்மைக்கு வந்தவர்களிடம் அதிகம் கேட்கலாம். 'தன்னிறைவு' என்பது எட்டிய நிலையைச் சொல்கிறது, தற்சார்பு போகும் திசையைச் சொல்கிறது. எந்த வீடும் முழுத் தன்னிறைவு அடைவதில்லை. உப்பு மரக்காணத்து உப்பளத்திலிருந்து வந்தாக வேண்டும், மண்வெட்டிக்கு இரும்பு வேண்டும், உடுக்கத் துணி வேண்டும். அதனால் ஹோம்ஸ்டெடிங் என்ற செயலுக்குத் தற்சார்பு வாழ்க்கை என்றே சொல்லலாம் என்பது என் கட்சி. ஆனால் அது இடத்தைக் குறிக்காது. மாடியில் நாலு தொட்டி வைத்தவரும் தற்சார்பு பேசலாம், பேசுகிறார்.

இடத்துக்கு என்ன சொல்? பலருக்கும் முதலில் நினைவுக்கு வருவது 'காணி'. 1908 முதல் 1918 வரை புதுச்சேரியில் வாழ்ந்த பாரதியார் பராசக்தியிடம் கேட்டது காணி நிலம்தானே என்பார்கள். கேட்டார், உண்மை. ஆனால் அந்தப் பாட்டில் மாளிகை உண்டு, கேணி உண்டு, பத்துப் பன்னிரண்டு தென்னை உண்டு, நிலவொளி உண்டு. ஏர் இல்லை, மாடு இல்லை. கவிஞர் குடியிருக்க ஏற்ற இடம், குடியானவர் பிழைக்கும் இடம் இல்லை. தவிர, காணி என்ற சொல் அளவாவதற்கு முன்பே உரிமையின் பெயர். காணியாட்சி என்பது பரம்பரை நில உரிமை. காணியாளர் ஒருவர் இருந்தால் அவர் நிலத்தில் இறங்கி உழுத இன்னொருவர் இருந்தார், அவருக்குக் காணி கிடையாது. பின்ன வாய்பாட்டிலும் காணி உண்டு, 80இல் ஒரு பங்கு. அதில் நாலில் ஒரு பங்கு, அதாவது 320இல் ஒன்று, முந்திரி. பண்ருட்டிக்காரர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது.

பண்ருட்டி என்றதும் 'கொல்லை' வந்துவிடுகிறது. இந்தச் சொல் ஊருக்கு ஊர் முகம் மாற்றும். தஞ்சாவூர்ப் பக்கம் கொல்லை என்றால் வீட்டின் பின்புறம், 'கொல்லைக்குப் போவது' என்றால் வேறு வேலை. கடலூர், விழுப்புரம், புதுச்சேரிப் பக்கம் கொல்லை என்பது மேட்டுப்பாங்கான புன்செய். நெல் விளைவது கழனி, மற்றது விளைவது கொல்லை. முந்திரிக்கொல்லை, பலாக்கொல்லை, சவுக்குக்கொல்லை. கும்பகோணத்திலிருந்து இங்கே வாழ்க்கைப்பட்டு வரும் பெண், "அத்தை கொல்லைக்குப் போயிருக்காங்க, சாயங்காலம்தான் வருவாங்க" என்று கேட்டு முதல் வாரம் திகைத்துத்தான் போவாள். அத்தை போனது மல்லாட்டைக்குக் களை வெட்ட. (மல்லாட்டை என்பது நிலக்கடலை. மணிலாக்கொட்டை மல்லாக்கொட்டையாகி, மல்லாட்டையாகத் தேய்ந்தது. பிலிப்பைன்ஸ் தலைநகரின் பெயரை இப்படிக் கடித்துத் துப்பியது நம் பக்கத்து நாக்கு.) கொல்லை நல்ல சொல்தான், ஆனால் அதிலும் வீடு இல்லை. வீடு ஊருக்குள் இருக்கும், கொல்லை ஒரு மைல் தள்ளி இருக்கும்.

வீட்டையும் நிலத்தையும் ஒரே மூச்சில் சொல்லும் சொல் தமிழில் இருக்கிறது, பழைய சொல். படப்பை. வீட்டை ஒட்டிய தோட்டம், கொல்லை என்று பொருள். ஐங்குறுநூற்றில் 203ஆம் பாட்டு, கபிலர் பாடியது. கணவன் ஊருக்குப் போய்வந்த பெண் தோழியை 'அன்னாய்' என்று அழைத்துச் சொல்கிறாள்: 'நம் படப்பைத் தேன்மயங்கு பாலினும் இனிய', அவர் நாட்டில் மான் குடித்து மிஞ்சிய கலங்கல் நீர். காதலின் மிகையை எல்லாரும் மெச்சிவிட்டார்கள். எனக்குக் கண்ணில் படுவது அந்தத் தேனும் பாலும். இரண்டும் வீட்டுப் படப்பையிலிருந்து வருகின்றன. மாடும் தேனடையும் இருக்கும் தோட்டம் என்றால் இதைவிடச் சுருக்கமான விளக்கம் ஹோம்ஸ்டெடுக்குக் கிடைக்குமா?

சோழர் காலத்து நிலக்கொடை ஆவணங்களில் இது சட்டச் சொல்லாகவே வருகிறது. தானம் கொடுக்கும் ஊரில் என்னென்ன அடக்கம் என்று வரிசை போடும்போது 'மனையும் மனைப்படப்பையும்' என்று சேர்த்தே எழுதுவார்கள். மன்று, கன்று மேய்பாழ், குளம், கேணி எல்லாம் அடுத்தடுத்து வரும். மனை என்பது வீடு. மனைப்படப்பை அந்த வீட்டோடு ஒட்டிய தோட்டநிலம். இதைத்தான் ஹோம்ஸ்டெட் என்ற இடத்துக்கு நேர்ச்சொல்லாக வைக்கச் சொல்கிறேன். நீளம் என்று தோன்றினால் படப்பை போதும். தாம்பரத்துக்கு அந்தப் பக்கம் படப்பை என்று ஓர் ஊரே இருப்பதால் வாய்க்குப் புதிதில்லை. தென்மாவட்டத்தார் மட்டும் வைக்கோல் படப்பு என்று நினைத்துக்கொள்ளலாம். அவர்கள் படப்பு நமக்கு வைக்கோல்போர்.

ஒரு மனைப்படப்பைக்கு எவ்வளவு நிலம் வேண்டும்? ஐந்து பேர் உள்ள வீட்டுக்கு ஆண்டுக்கு 500 கிலோ அரிசி என்று வைப்போம். அரைத்தால் மூன்றில் இரண்டு பங்குக்குச் சற்றுக் குறைவாகத்தான் அரிசி தேறும், ஆகவே 800 கிலோ நெல். ஏக்கருக்கு ஒரு போகத்தில் இரண்டு டன் கண்டால் 40 சென்ட் போதும், அதாவது சுமார் 30 குழி. ஒரு காணி நிலம் இருந்தால் இன்னும் 70 குழி மிச்சம். புதுச்சேரிப் பக்கத்துப் பாகூர் ஏரிப் பாசனத்தில் இந்தக் கணக்கு சரிப்படும். கடலூரை ஒட்டிய கேப்பர் மலைச் செம்மண்ணில் நெல்லை மறந்துவிட வேண்டும். அங்கே கேழ்வரகு, கம்பு, மல்லாட்டை, உளுந்து, குளிக்கிற தண்ணீர் போகும் வழியில் வாழை, வேலியோரம் முருங்கை, கூரைமேல் சுரை, முற்றத்தில் ஒரு பலா. பள்ளிக் கட்டணமும் ஆஸ்பத்திரிச் செலவும் எத்தனை குழியிலும் விளையாது. அதற்குப் பாலோ முந்திரியோ விற்றாக வேண்டும், அல்லது வீட்டில் ஒருவர் வெளி வேலைக்குப் போக வேண்டும்.

கலந்து வைப்பது ஏன் என்பதை 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் காட்டியது. கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையேறி, இரு பக்கமும் முந்திரியையும் பலாவையும் வேரோடு சாய்த்தது. ஒட்டுக்கட்டிய முந்திரிக் கன்று வைத்தாலும் காய்ப்புக்கு மூன்று ஆண்டு, விதைப் பலாவுக்கு அதைவிட இரட்டிப்பு. மல்லாட்டை நூற்றுச் சொச்சம் நாளில் வீடு வந்து சேரும். மரத்தை மட்டும் நம்பிய கொல்லை தோப்பாக இருக்கலாம், படப்பை என்று நான் சொல்ல மாட்டேன்.

இனிப் பயன்படுத்தும் விதம். இடம் மனைப்படப்பை, செயல் தற்சார்பு வாழ்க்கை. ஆளுக்குப் படப்பைக்காரர் என்று புதிதாக உண்டாக்கலாம், ஆனால் 'குடியானவர்' ஏற்கெனவே இருக்கிறது: குடியிருப்பவர், உழுபவர் என்ற இரண்டையும் அந்த ஒரு சொல் தாங்கும். 'ஹோம்ஸ்டெட் ஆரம்பிக்கிறேன்' என்பதற்குப் 'படப்பை போடுகிறேன்' என்று சொல்லலாம், பந்தல் போடுவது போல இயல்பாகவே வருகிறது. பத்திரம் எழுதப் போகிறவர்கள் மட்டும் இந்தச் சொல்லை எடுத்துப் போக வேண்டாம். அங்கே இன்றும் வீடு நத்தம், கொல்லை புன்செய், இரண்டுக்கும் தனித்தனிச் சர்வே எண்.