ஜைனுல் ஆபிதீன்: இந்தப் பேர்ல "மார்க்கம்" எங்க இருக்கு?

பிள்ளைக்குப் பேர் தேடுறவங்களுக்காகப் போடுற லிஸ்ட் எதைத் திறந்தாலும் ஜைனுலாப்தீன்னா "மார்க்கத்தின் அழகு"ன்னு போட்டிருக்காங்க. ஒருத்தர் எழுதினதை அடுத்தவர் அப்படியே காப்பி அடிச்சு, இப்ப பேர் வைக்கிற வீட்லயும் அதையே சொல்றாங்க. தப்புங்க. மார்க்கம்னா மதம், இந்தப் பேர்ல அந்தச் சொல்லே கிடையாது.

அரபியில ஜைன்னா அணிகலன், அலங்காரம், அழகு. ஆபித்னா அல்லாஹ்வை வணங்குறவர். அப்துல்லாவுல வர்ற அப்த், வணக்கத்துக்கு நாம சொல்ற இபாதத், எல்லாம் ஒரே வேர். அதோட பன்மை ஆபிதீன். நடுவுல இருக்கிறது 'அல்', இங்கிலீஷ் 'the' மாதிரி. அவ்வளவுதான், வணங்குறவங்களோட அணிகலன். நபியவர்களோட பேரர் ஹுசைனோட மகன் அலிக்குக் கிடைச்ச பட்டம் இது. 680ல ஹுசைன் கொல்லப்பட்ட கர்பலாவுல நோய்ல படுத்திருந்ததால போர்ல இறங்காம உயிரோட மிஞ்சினவர், நிறைய சஜ்தா, அதாவது நெத்தி தரையில பட வணங்குறது, செய்யறவர்னு சஜ்ஜாத்ங்கிற பட்டமும் அவருக்கு உண்டு. வணக்கத்துக்காகவே கிடைச்ச பட்டத்துல வணக்கத்தைத் தூக்கிட்டா என்ன மிஞ்சும்?

குழப்பம் எங்கேர்ந்து வருதுன்னா, நம்ம வாய்ல ஆபிதீன்ங்கிறது ஆப்தீன் ஆகி, ஆபுதீன் ஆகி, கடைசியில தீன் மட்டும் காதுல தனியா விழுது, தீன்னா மார்க்கம்னு எல்லாருக்கும் தெரியும், உடனே ஒட்டிடறாங்க. அரபியிலயும் ரெண்டுக்கும் அதே தால் எழுத்துதான், ஆனா ஆபிதீன்ல அது வேரோட கடைசி எழுத்து, பின்னாடி வர்ற 'ஈன்' பன்மை விகுதி, முஸ்லிமீன், முஃமினீன்ல வர்றதேதான். அரபி தெரியாதவங்களும் கண்டுபிடிக்கலாம். நூருத்தீன், ஷம்சுத்தீன், கமாலுத்தீன் எல்லாம் சொல்லிப் பாருங்க, 'அல்'லோட ல் தாலோட சேர்ந்து மறைஞ்சு த் அழுத்தமா வரும். அப்துர் ரஹ்மான்ல ல் போய் ர் வர்றதும் இதே விதிதான். ஜைனுலாப்தீன்ல ல் அப்படியே நிக்குது, அப்ப அடுத்து வர்றது தீன் இல்ல. "மார்க்கத்தின் அழகு" ஜைனுத்தீனுக்குத்தான் பொருந்தும், அது வேற பேரு. ஃபுட்பால் ஜிடேனோட ஜினடின் அந்த ஜைனுத்தீன்தான். கலாமோட அப்பா ஜைனுலாப்தீன், துனிசியாவுல 2011ல ஆட்சியை விட்டு ஓடின பென் அலி, இவங்க பேர்லாம் ஜைனுல் ஆபிதீன்.

இன்னொரு கூட்டம் "பக்தர்களின் ஆபரணம்"னு எழுதுது. பொருள் கிட்ட வந்துடுச்சு, ஒத்துக்கறேன். ஆனா பக்தர்னதும் தமிழ்ல கோயிலும் திருவிழாவும் கண்ணு முன்னாடி வருது, ஆபிதுக்கு அந்த வாசனை கிடையாது. தமிழ் முஸ்லிம்கள் பயான்லயும் (மார்க்கச் சொற்பொழிவு) கிதாபுலயும் (மார்க்க நூல்) காலங்காலமா "வணக்கசாலி"ன்னு சொல்லிட்டு வர்றாங்க, அவ்வளவு கச்சிதமான சொல் கையில இருக்கும்போது எதுக்கு வெளிய தேடணும்? சாலி வடமொழி விகுதின்னு தனித்தமிழ் ஆளுங்க முகம் சுளிப்பாங்க. வணங்குவோர்னு போடுங்க, அதுவும் சரிதான். ஆனா என் ஓட்டு வணக்கசாலிக்கே, எப்பவாவது வணங்குறவரைச் சொல்லாம அதுலயே மூழ்கினவரைச் சொல்லுது. ஜைனுக்கும் அழகைவிட அணிகலன் நல்லது, குர்ஆனோட கஹ்ஃப் அத்தியாயத்துல செல்வமும் பிள்ளைகளும் உலக வாழ்க்கைக்கு ஜீனத்னு வர்ற இடத்துல தமிழ்ல அலங்காரம்னுதான் போடறாங்க, அதே வேர். வளைகுடாவுல வேலை பார்த்தவங்க நாள் பூரா "ஜேன், ஜேன்"னு கேட்டு, ஜைன்னா நல்லதுன்னு சொல்வாங்க. அது அங்க பேச்சுவழக்கு, இந்தப் பேருக்குள்ள அதைக் கொண்டு வராதீங்க.

கூப்பிடுற விஷயமும் இப்படித்தான் சீரழியுது. அப்துல்னு பாதியில வெட்டற மாதிரி ஜைனுல்னு வெட்டறாங்க, அந்த 'உல்' அடுத்த சொல்லோட அல், அது தனியா தொங்குது. சுருக்கணும்னா ஜைன்னு கூப்பிடுங்க, இல்ல ஆபிதீன்னு கூப்பிடுங்க. அழைப்புப் பத்திரிகை அடிக்கும்போது ஜைனுல் ஆபிதீன்னு இடம் விட்டு எழுதி, கீழ அர்த்தம் போடணும்னா "வணக்கசாலிகளின் அணிகலன்"னு போடுங்க.