கல்லாவுக்குத் தெளிவு, வேப்பமரத்துக்குக் கலங்கல்

மளிகைக் கடை வைத்திருக்கும் வாசகர் ஒருவர் கேட்கிறார்: "சிசிடிவி செட்டிங்கில் 'ஆர்ஓஐ' (முக்கியமான பகுதியைக் குறித்துக் காட்டும் வசதி) என்று ஒன்று இருந்தது. கல்லாவைச் சுற்றிக் கட்டம் போட்டதும் அங்கே மட்டும் படம் தெளிவானது. ஆசையில் கட்டத்தைத் திரை முழுக்க இழுத்தேன், பழையபடி ஆகிவிட்டது. ஏன்?"

முழு எச்டி படத்தில் 1920 × 1080 புள்ளிகள், புள்ளிக்கு 3 பைட். நொடிக்கு 25 படங்களை அப்படியே சேமித்தால் ஒரு டெராபைட் டிஸ்க் இரண்டு மணி நேரம்கூடத் தாங்காது. சுருக்கித்தான் ஆகவேண்டும். முந்தைய படத்திலிருந்து மாறியதை மட்டும் எழுதுவது தெரிந்த கதை. எனக்குப் பிடித்தது அதற்கடுத்த படி.

வீடியோவைச் சுருக்கும் எச்.264 முறை படத்தை 16 × 16 புள்ளிக் கட்டங்களாக நறுக்கி, அவற்றையும் சிறு துண்டுகளாக்கி, சீராக ஏறி இறங்கும் கொசைன் அலைகளின் அளவுகளாக மாற்றுகிறது. முதல் எண்கள் பொதுவான வெளிச்சம், பின்னால் வருபவை நுணுக்கம். 83, 38, 14, 7 என்று வைத்துக்கொள்வோம். கல்லாப் பக்கம் இவற்றை 10ஆல் வகுத்து முழு எண்ணாக்கினால் 8, 4, 1, 1. திரும்பப் பெருக்கினால் 80, 40, 10, 10. பரவாயில்லை. வாசலில் நிற்கும் வேப்பமரத்துக்கு 40ஆல் வகுக்கிறோம்: 2, 1, 0, 0. திரும்பி வருவது 80, 40, 0, 0. மரம் இருக்கிறது, இலைகள் போய்விட்டன! பூஜ்யங்களைச் சேமிக்க இடமும் அதிகம் வேண்டாம்.

வகுக்கும் எண்ணை 0 முதல் 51 வரையுள்ள ஒரு திருகு முடிவு செய்கிறது. ஆறு படி ஏற்றினால் அது இரட்டிப்பாகும். 16 × 16 கட்டத்துக்குக் கட்டம் திருகை மாற்றலாம்; ஆர்ஓஐ செய்வது இதைத்தான். வீடியோவை ஓட்டும் போனுக்குக் கல்லா எது, மரம் எது என்றே தெரியாது. 'இங்கே 12 கூட்டு' என்ற குறிப்பு மட்டும் போகும், அது பாட்டுக்குப் பெருக்கிவிடும்.

கொசைன் மாற்றத்தை யோசித்த நசீர் அகமது பெங்களூரில் பிறந்தவர். 1972இல் அமெரிக்க தேசிய அறிவியல் அறக்கட்டளையிடம் நிதி கேட்டார். ரொம்ப எளிமையாக இருக்கிறதென்று மதிப்பீட்டாளர் ஒருவர் சொல்ல, நிதி கிடைக்கவில்லை. நடராஜன், கே.ஆர். ராவ் இருவருடன் 1974இல் கட்டுரையை வெளியிட்டார். எளிமையைக் குறையாக எண்ணும் நிதிக் குழுக்கள் இங்கும் உண்டு.

அப்புறம், பூஜ்யமானது திரும்பாது. கலங்கிய நம்பர் பிளேட்டை ஏஐ 'தெளிவாக்கி' தருவது வெறும் ஊகம். அதை நம்பி ஒருவரை ஸ்டேஷனுக்கு இழுப்பதும் வெற்றிலையில் மை போட்டுத் திருடனைப் பார்ப்பதும் ஒன்றுதான்.

சரி, நீங்கள் இழுத்த ஆர்ஓஐ கட்டத்துக்கு வருவோம். கேமராவில் நொடிக்கு 2 மெகாபிட் என்று வைத்திருந்தால், கட்டம் எவ்வளவு பெரிதானாலும் அதே 2 மெகாபிட்தான். கல்லாவுக்குப் போன பிட்டுகள் வேப்பமரத்திடம் பிடுங்கியவை. மரத்தையும் உள்ளே இழுத்துவிட்டால் யாரிடம் பிடுங்குவது? கட்டத்தைச் சுருக்குங்கள் அண்ணாச்சி.