இன்ஃபாந்தா: ‘இளவரசி’ என்று எழுதினால் போதுமா?

மத்ரித் நகரின் பிராதோ அருங்காட்சியகத்தில் ‘லாஸ் மெனினாஸ்’ என்ற ஓவியம் இருக்கிறது. 1656இல் வெலாஸ்கெஸ் வரைந்தது. நடுவில், இடுப்புக்குக் கீழே கூடாரம்போல் விரிந்த வெளிர்நிறப் பாவாடையில் ஐந்து வயதுச் சிறுமி ஒருத்தி நிற்கிறாள். இரு பக்கமும் பணிப்பெண்கள். பின்சுவரில் இருக்கும் கண்ணாடியில் அவளுடைய தாயும் தந்தையும், அதாவது ஸ்பெயினின் அரசியும் அரசரும், மங்கலாகத் தெரிகிறார்கள். அந்தச் சிறுமியின் பெயருக்கு முன்னால் ஸ்பானியர்கள் எழுதும் பட்டம் ‘இன்ஃபாந்தா’. தமிழில் நாம் ‘இளவரசி மார்கரிட்டா’ என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறோம்.

படத்துக்கு அடியில் போடுகிற ஒரு வரிக்கு அது போதும். ஸ்பெயின் அரசியரின் வரலாற்றை எழுத உட்கார்ந்தால் போதாது. அங்கே இன்ஃபாந்தா வேறு, இளவரசி வேறு. ஒரே பெண் காலையில் இளவரசியாக இருந்து மாலையில் இன்ஃபாந்தா ஆகலாம். ஆகியும் இருக்கிறார். இரண்டையும் ஒரே சொல்லால் எழுதினால் கதையின் முடிச்சே வாசகருக்குத் தெரியாமல் போகும்.

முதலில் ஒலிப்பு. ஆங்கிலம் வழியாக வருவதால் ‘இன்ஃபான்டா’ என்று எழுதுகிறோம். ஸ்பானிய தகரம் நம்முடைய ‘த’ போல நாக்கு பல்லைத் தொட்டு வருவது. ஆகவே ‘இன்ஃபாந்தா’ என்பதே நெருக்கம். ஆண்பால் ‘இன்ஃபாந்தே’.

சொல்லின் வேர் லத்தீன். ‘இன்’ என்றால் இல்லாத. ‘ஃபாரி’ என்றால் பேசுதல். இரண்டும் சேர்ந்த ‘இன்ஃபான்ஸ்’ என்பதற்குப் பேச்சு வராதவர் என்று பொருள். அதுவே கைக்குழந்தைக்குப் பெயராயிற்று. தமிழருக்கு இந்த வழி புதிதல்ல. மழலை என்பது முதலில் குழந்தையின் திருந்தாத பேச்சு. வள்ளுவர் ‘மழலைச்சொல்’ என்றுதான் சொல்கிறார். பிறகு அதுவே குழந்தைக்கு ஆகி, இன்று மழலையர் பள்ளி வரை வந்துவிட்டது. லத்தீன்காரர் குழந்தையை இல்லாத பேச்சால் அழைத்தார்கள், நாம் இருக்கிற அரைகுறைப் பேச்சால் அழைத்தோம்.

குழந்தையைக் குறித்த சொல் அரண்மனைக்குள் எப்படிப் போயிற்று? இடைக்கால ஸ்பெயினில் இன்ஃபாந்தே என்றால் உயர்குடிப் பிள்ளை என்று பொருள் விரிந்து, பிறகு அரசரின் பிள்ளை என்று இறுகியது. 13ஆம் நூற்றாண்டில், அன்றைய ஸ்பெயினின் அரசுகளில் ஒன்றான காஸ்தீயாவின் அரசர் பத்தாம் அல்ஃபோன்சோ தொகுப்பித்த ‘ஏழு பாகங்கள்’ என்ற சட்டநூலில் இதற்கு விளக்கமே இருக்கிறது. ஸ்பெயினில் அரசரின் பிள்ளைகளை இன்ஃபாந்தே என்பார்கள். லத்தீனில் அச்சொல் ஏழு வயதுக்கு உட்பட்ட, பாவமும் கறையும் இல்லாத சிறுவனைக் குறிக்கும் என்கிறது அது. அரசரின் பிள்ளைகள் அப்படிக் கறையின்றி இருக்க வேண்டும் என்பது எழுதியவர்களின் விருப்பம் போலும்.

இதே வேரிலிருந்து இன்னொரு கிளையும் போயிற்று. இளைஞன், ஏவலாள், குதிரையில்லாத வீரன் என்று பொருள் நகர்ந்து, காலாட்படையைக் குறிக்கும் ‘இன்ஃபன்ட்ரி’ பிறந்தது. ஒரு ஸ்பானிய இன்ஃபாந்தே அமைத்த படை என்பதால் அந்தப் பெயர் என்று ஒரு கதை உண்டு. அது பின்னால் கட்டிய கதை.

சரி, இளவரசி எங்கே வருகிறார்? அரசருக்குப் பல பிள்ளைகள் இருக்கலாம். அடுத்து அரியணை ஏறப்போவது ஒருவர்தான். அந்த ஒருவரைத் தனித்துக் காட்ட காஸ்தீயாவில் 1388இல் ‘அஸ்தூரியாஸ் இளவரசர்’ என்ற பட்டத்தை ஏற்படுத்தினார்கள். அன்றிலிருந்து ‘பிரின்சிப்பே’, ‘பிரின்செசா’ என்ற சொற்கள் வரிசையில் முதலில் நிற்பவருக்கு உரியவை. மற்றப் பிள்ளைகள் இன்ஃபாந்தே, இன்ஃபாந்தா. ஒன்று பிறப்பால் வருவது. மற்றொன்று வரிசையில் நிற்கும் இடத்தால் வருவது. பிறப்பு மாறாது. இடம் மாறும்.

இந்த இடம் ஒரு பெண்ணுக்குக் கிடைக்குமா? காஸ்தீயாவின் பழைய சட்டம் கிடைக்கும் என்றது. ஆண்பிள்ளை இல்லாவிட்டால் மூத்த மகளுக்கு நாடு என்று ‘ஏழு பாகங்கள்’ தெளிவாகச் சொல்கிறது. அந்த நூலுக்கு முன்பே, 1109 முதல் 1126 வரை உர்ராக்கா என்ற அரசி லெயோனையும் காஸ்தீயாவையும் ஆண்டிருக்கிறார்.

நமக்குக் கொலம்பஸ் வழியாகத் தெரிந்த இசபெல்லா ராணியும் ஒரு இன்ஃபாந்தாதான். அவருடைய மூத்த தாரத்து அண்ணன் நான்காம் என்ரிக்கே 1468இல் அவரை வாரிசாக ஏற்று அஸ்தூரியாஸ் இளவரசி ஆக்கினார். பிறகு மனம் மாறித் தன் மகள் ஹுவானாவையே வாரிசு என்றார். 1474 டிசம்பரில் அண்ணன் இறந்த சேதி செகோவியாவுக்கு வந்ததும், இசபெல் காத்திருக்கவில்லை. 13ஆம் தேதி தன்னை அரசியாக அறிவித்துக்கொண்டார். ஊர்வலத்தில் அவருக்கு முன்னால் உருவிய வாளை ஏந்திச் சென்றார்கள். நீதி வழங்கும் அதிகாரத்தின் அடையாளம் அந்த வாள். கணவர் ஃபெர்னாந்தோ அப்போது சராகோசாவில் இருந்தார். தான் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டதையும், ஒரு பெண்ணுக்கு முன்னால் வாள் போனதையும் கேட்டு அவர் திகைத்துப் போனார். பிறகு 1475 ஜனவரியில் இருவருக்கும் உடன்படிக்கை ஆயிற்று. காஸ்தீயாவுக்கு உடையவர் இசபெல்தான் என்பது அதில் உறுதியாயிற்று.

இப்படி நாட்டைத் தன் பிறப்புரிமையால் உடைய அரசியை ஸ்பானிய மொழி ‘ரெய்னா ப்ரொப்பியெத்தாரியா’ என்கிறது. நேராகச் சொன்னால், உடைமைக்காரியான அரசி. அரசரை மணந்ததால் அரசி ஆனவர் ‘ரெய்னா கொன்சோர்த்தே’. ‘ரெய்னா’ என்பதற்கும் நாம் சொல்லும் ‘ராணி’ என்பதற்கும் வேர் ஒன்று. ஒன்று லத்தீன் ‘ரெஜினா’ வழியாகவும் மற்றது வடமொழி ‘ராஜ்ஞி’ வழியாகவும் வந்தது. அந்த ராணியும் நம் அரசியும், ஆண்டவரா மணந்தவரா என்று சொல்வதில்லை. மணந்தவருக்கு நம்மிடம் பழைய சொற்கள் நிறைய: கோப்பெருந்தேவி, மாதேவி, பட்டத்தரசி. உடையவருக்குத்தான் சொல் தேட வேண்டியிருக்கிறது.

‘ஆளும் அரசி’ என்று பலர் எழுதுகிறார்கள். நானும் எழுதியிருக்கிறேன். இசபெலின் மகளைப் படித்தபோது அதை விட்டுவிட்டேன். அந்த மகளுக்கும் ஹுவானா என்றுதான் பெயர். தாய் இறந்த 1504இல் அவர் காஸ்தீயாவின் ப்ரொப்பியெத்தாரியா ஆனார். கணவர் 1506இல் இறந்தார். 1509இல் தந்தை அவரைத் தோர்தெசீயாஸ் அரண்மனையில் அடைத்தார்; பிறகு மகன் கார்லோஸும் அடைத்தே வைத்தார். 1555இல் சாகும்வரை, 46 ஆண்டுகள். சித்தம் கலங்கியவர் என்று காரணம் சொன்னார்கள். ஆனால் அரச ஆணைகளில் அவர் பெயர் மகன் பெயருக்கு முன்னால் வந்துகொண்டே இருந்தது, ஏனென்றால் நாடு அவருடையது. ஒரு நாள்கூடத் தன் விருப்பப்படி ஆளாத அவரை ஆளும் அரசி என்று எப்படி எழுதுவது? ‘உரிமையரசி’ என்பதே பொருந்தும். பழந்தமிழில் ‘உரிமை’ என்பதற்கு அரசனின் மனைவியர் என்ற பொருளும் உண்டு என்று தமிழாசிரியர்கள் மறுக்கக்கூடும். இன்று அந்தப் பொருள் வழக்கில் இல்லை என்பதால் குழப்பம் வராது என்று நினைக்கிறேன்.

மறுபடி அந்த ஓவியச் சிறுமியிடம் வருவோம். அரியணைக்கு வராத இன்ஃபாந்தாக்கள் என்ன ஆனார்கள்? பெரும்பாலும் மகட்கொடை ஆனார்கள். அரசுகள் பெண் கொடுத்து உறவு தேடுவதற்கு நம் வரலாற்றாசிரியர்கள் பயன்படுத்தும் அந்தச் சொல்லே இங்கும் பொருந்தும். மார்கரிட்டாவின் அக்கா, அதாவது அவள் தந்தையின் முதல் மனைவி மகள் மரியா தெரேசா, 1660இல் பிரான்சின் பதினான்காம் லூயிக்கு மனைவியானார். ஸ்பெயின் அரியணையில் உரிமை கோரமாட்டேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் போனார். அதற்கு ஈடாக 5 லட்சம் பொன் எஸ்கூதோ சீதனம் என்று பேச்சு. அந்தப் பணத்தை ஸ்பெயின் கொடுக்கவில்லை. சீதனம் வராததால் எழுதிக் கொடுத்ததும் செல்லாது என்றது பிரான்ஸ். மார்கரிட்டா 1666இல் வியன்னாவுக்குப் போய்ப் பேரரசர் லெயோபோல்தை மணந்து, 21 வயதில் இறந்தாள்.

1700இல் அவர்களுடைய தம்பி இரண்டாம் கார்லோஸ் பிள்ளையில்லாமல் இறந்தார். முன்பு வாரிசாகக் குறித்திருந்த மார்கரிட்டாவின் பேரன் அதற்கு முந்தைய ஆண்டே ஆறு வயதில் இறந்துவிட்டான். அரியணை மரியா தெரேசாவின் பேரன் ஐந்தாம் ஃபெலிப்பேக்குப் போயிற்று. அவருடைய உரிமை பாட்டி வழியாக வந்தது. ஒரு இன்ஃபாந்தா இல்லாவிட்டால் அவருக்கு ஸ்பெயினில் என்ன வேலை? அந்த ஃபெலிப்பேதான் 1713இல் புதுச் சட்டம் கொண்டுவந்தார். குடும்பத்தின் எல்லாக் கிளைகளிலும் ஆண்வாரிசு அற்றுப்போனால் மட்டுமே பெண்ணுக்கு அரியணை என்றது அது. பழைய சட்டத்தில் மகளுக்குப் பிறகுதான் சித்தப்பா. புதுச் சட்டத்தில் சித்தப்பாவும் அவர் மகன்களும் போன பிறகுதான் மகள். இந்த வரலாற்றில் என்னை மிகவும் வருத்துகிற இடம் இதுதான்.

அந்தச் சட்டத்தை நீக்க 1789இல் நாடாளுமன்றம் ஒப்புக்கொண்டது, ஆனால் வெளியிடவில்லை. ஏழாம் ஃபெர்னாந்தோதான் 1830 மார்ச்சில், மனைவி கருவுற்றிருந்தபோது, வெளியிட்டார். அக்டோபரில் பிறந்தது பெண் குழந்தை. இரண்டாம் இசபெல். 1833இல் தந்தை இறந்தபோது குழந்தைக்கு மூன்று வயதுகூட நிரம்பவில்லை. தாய் மரியா கிறிஸ்தீனா, மகளுக்குப் பதிலாக ஆளும் பகர அரசியாக ஆட்சியை ஏற்றார். சித்தப்பாவான இன்ஃபாந்தே கார்லோஸ் ‘1713 சட்டப்படி நாடு எனக்கு’ என்று கிளம்பினார். ஏழாண்டு உள்நாட்டுப் போர். அந்த நூற்றாண்டிலேயே, கார்லிஸ்டுகள் எனப்பட்ட அவர் தரப்பினரின் போர் மறுபடியும் மூண்டது.

இந்த அரசியின் மூத்த மகளும் இசபெல்தான். சப்பை மூக்கு என்பதால் மக்கள் அவரைச் செல்லமாக ‘லா சாத்தா’ என்றார்கள். சொல் விளக்கத்துக்கு இவரைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைக்காது. 1851இல் பிறந்ததும் அவர் அஸ்தூரியாஸ் இளவரசி. 1857இல் தம்பி அல்ஃபோன்சோ பிறந்ததும் பட்டம் தம்பிக்குப் போய், ஆறு வயது நிரம்பும் முன்பே அவர் வெறும் இன்ஃபாந்தா ஆனார். 1868இல் புரட்சி வந்து குடும்பமே பாரிசுக்கு ஓடியது. தம்பி அரசராகத் திரும்பி வந்ததும், அவருக்குப் பிள்ளை இல்லாததால், அக்கா மறுபடியும் அஸ்தூரியாஸ் இளவரசி. 1880இல் தம்பிக்கு மெர்செதெஸ் என்ற மகள் பிறந்தாள். அக்கா மறுபடியும் இன்ஃபாந்தா. ஒரு வாழ்நாளில் இரண்டு முறை பட்டம் வந்து இரண்டு முறை போயிற்று. இன்ஃபாந்தா என்பது மட்டும் கூடவே இருந்தது. 1931இல் குடியரசு வந்தபோது, மக்கள் அன்பைப் பெற்ற அவர் மத்ரித்திலேயே தங்கலாம் என்றார்கள். 79 வயதில், உடல்நலமில்லாத நிலையிலும் குடும்பத்தோடு வெளியேறி, பாரிசில் சில நாட்களில் இறந்தார்.

இப்போது சொல்லுங்கள்: இவருடைய வாழ்க்கையை ‘இளவரசி, இளவரசி, இளவரசி’ என்றே எழுதினால் வாசகருக்கு என்ன புரியும்?

மெர்செதெஸின் கதையும் இதன் நீட்சியே. பிறந்தபோது பெண் என்பதால் இன்ஃபாந்தாதான் என்றார்கள். அடுத்த ஆண்டு அரசாங்கம் மாறியதும் இளவரசி ஆனாள். 1885இல் தந்தை இறந்தபோது ஐந்து வயதான அவளை அரசியாக அறிவிக்கவில்லை, தாய் கருவுற்றிருந்ததால். நாடே ஒரு பிரசவத்துக்காக ஆறு மாதம் காத்திருந்தது. 1886 மே மாதம் பிறந்தது ஆண். பிறக்கும்போதே அரசர், பதின்மூன்றாம் அல்ஃபோன்சோ. பேச்சு வராத குழந்தை என்ற பழைய பொருள் அந்த ஒருமுறை சட்டப்படியே அரியணையில் இருந்தது.

அதற்குப் பின்னும் சட்டம் முழுக்க மாறிவிடவில்லை. 1978ஆம் ஆண்டு அரசமைப்பின் 57ஆம் பிரிவு, ஒரே படிநிலையில் இருப்பவர்களில் ஆணுக்கே முதலிடம் என்கிறது. இன்றைய அரசர் ஆறாம் ஃபெலிப்பே 1968இல் பிறந்தவர். அவருக்கு மூத்தவர்கள் எலேனாவும் கிறிஸ்தீனாவும். இருவரும் இன்ஃபாந்தாக்களாகவே நின்றுவிட்டார்கள். இதைத் திருத்துவதும் எளிதல்ல. இரு அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு வாக்கு, அவைக் கலைப்பு, தேர்தல், புது அவைகளில் மீண்டும் அதே பெரும்பான்மை, அப்புறம் பொதுவாக்கெடுப்பு.

சரி, இன்ஃபாந்தாவுக்குத் தமிழில் என்ன? கோமகள் என்பது அழகான சொல். ஆனால் ‘எடின்பரோ கோமகன்’ என்று பிரபு பட்டத்துக்கு எழுதிப் பழகிவிட்டோம். கோமகள் என்றால் அந்தப் பக்கம் இழுக்கும். திருமகளார் என்று சோழர் கல்வெட்டுகள் அரசர் மகளைச் சொல்கின்றன. இன்று அது லட்சுமியையே நினைவூட்டும். நான் ‘அரசமகள்’ என்று எழுதுகிறேன். பிறப்பைச் சொல்கிறது, வரிசையைச் சொல்லவில்லை. அதுதான் வேண்டும். ஆண்பாலுக்கு ‘இளங்கோ’ கிடைக்கிறது. அண்ணன் செங்குட்டுவன் அரசனாயிருக்க, தான் அரியணைக்கு வராத தம்பி என்றுதான் இளங்கோவடிகளை மரபு சொல்கிறது. இன்ஃபாந்தேயின் நிலையும் அதுவே. அஸ்தூரியாஸ் இளவரசிக்குப் ‘பட்டத்து இளவரசி’.

அரசரின் மூத்த மகளை வைத்து எழுதிப் பார்க்கலாம். 2005இல் பிறந்தபோது அவர் அரசமகள் லெயோனோர். பட்டத்து இளவரசரின் பிள்ளைகளுக்கும் 1987ஆம் ஆண்டு ஆணைப்படி அந்தப் பட்டம் உண்டு. 2014 ஜூனில் தந்தை அரசரானதும் பட்டத்து இளவரசி லெயோனோர். 2023 அக்டோபர் 31, தன் 18ஆம் பிறந்தநாளில், நாடாளுமன்றத்தில் அரசமைப்பின் பெயரால் உறுதியேற்றார். தங்கை சோஃபியா அன்றும் இன்றும் அரசமகள். தாய் லெத்தீசியா பட்டத்தரசி. லெயோனோர் அரியணை ஏறினால், இரண்டாம் இசபெலுக்குப் பிறகு ஸ்பெயின் காணும் முதல் உரிமையரசி.