ப்ளூ-ரே ஃபோல்டரில் கை வைக்கும் முன்

கல்யாண வீடியோ எடிட்டிங், பழைய டிஸ்க்குகளை ஹார்டு டிஸ்க்குக்கு மாற்றித் தருவது, இரண்டும்தான் என் தொழில். "வீடியோ துண்டு துண்டாக ஓடுகிறது" என்று வருகிறவர்களில் பலர், ப்ளூ-ரேயின் பிடிஎம்வி ஃபோல்டருக்குள் வீடியோ இருக்கும் ஸ்ட்ரீம் ஃபோல்டரை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை அழித்திருப்பார்கள். ஜிபி கணக்கில் இடம் பிடிப்பது அது ஒன்றுதான். மற்றவை சில கேபி என்பதால் தேவையில்லை என்று தோன்றிவிடுகிறது.

வீடியோவும் ஆடியோவும் ஸ்ட்ரீம் ஃபோல்டரில் துண்டு துண்டாக உள்ள எம்2டிஎஸ் ஃபைல்களில் இருப்பது உண்மைதான். ஆனால் எந்தத் துண்டுக்குப் பிறகு எந்தத் துண்டு, சாப்டர் எங்கே தொடங்குகிறது என்பதெல்லாம் பிளேலிஸ்ட் ஃபோல்டரில் உள்ள எம்பிஎல்எஸ் ஃபைலில் இருக்கிறது. ஒவ்வொரு துண்டுக்கும் அதே எண்ணில் ஒரு சிஎல்பிஐ ஃபைலும் உண்டு. வேண்டிய இடத்துக்குத் தாவ பிளேயர் அதைத்தான் பார்க்கிறது. அதனால் 00001 என்ற ஃபைலுக்கு 'முகூர்த்தம்' என்று ஆசையாகப் பெயர் வைத்தால், பிளேலிஸ்ட்டால் அதைக் கண்டுபிடிக்க முடியாது. தயவுசெய்து பெயரை மாற்றாதீர்கள்.

டிவியில் யுஎஸ்பி வழியாகப் பார்க்க வேண்டும் என்றால் துண்டுகளை ஒரே ஃபைலாகச் சேர்க்க டிஎஸ்மக்ஸர் அல்லது எம்கேவிடூல்நிக்ஸ் என்ற மென்பொருள் போதும், இரண்டும் இலவசம். எம்2டிஎஸ் ஃபைல்களை ஒவ்வொன்றாகச் சேர்க்காமல் எம்பிஎல்எஸ் ஃபைலைத் திறங்கள். துண்டுகள் சரியான வரிசையில் தானாக வந்துவிடும். மறுபடி என்கோட் செய்வதில்லை என்பதால் தரம் அப்படியே இருக்கும். பிடிஎடிட் என்ற மென்பொருள் பிளேலிஸ்ட்டையே திருத்தக்கூடியது. பழக்கம் இல்லாதவர்கள் நகலில் மட்டும் முயன்று பாருங்கள். பென்டிரைவின் ஃபார்மேட் எஃப்ஏடி32 என்றால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஃபைல் ஏறாது, அப்புறம் டூலைக் குறை சொல்லிப் பயனில்லை.

பிளேலிஸ்ட் கெட்டுப்போனால் பதற வேண்டாம். பிடிஎம்வி உள்ளே பேக்கப் என்றொரு ஃபோல்டர் இருக்கும். பெரும்பாலும் அதில் பிளேலிஸ்ட், சிஎல்பிஐ நகல்கள் கிடைக்கும். வீடியோவின் நகல் மட்டும் அங்கே இருக்காது.

நான் சொல்வது நம் சொந்த வீடியோக்களுக்கு. கடையில் வாங்கிய படங்களின் நகல் தடுப்புப் பூட்டை உடைப்பது வேறு விஷயம். 2012 திருத்தத்துக்குப் பிறகு நம் பதிப்புரிமைச் சட்டத்தில் அதற்கென்றே 65ஏ பிரிவு இருக்கிறது.

மாற்றி முடித்ததும் துண்டுகள் சேரும் இடங்களை ஓடவிட்டுப் பாருங்கள். சத்தம் விட்டுப்போனால் அங்கேதான் தெரியும். அதுவரை மூல ஃபோல்டரை அழிக்காதீர்கள்.