மீன் போடும் வட்டி

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள், காசிமேட்டு விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை. மீன் இனப்பெருக்கம் செய்யும் காலம் என்பது எல்லோரும் அறிந்த காரணம். ஆனால் கடலில் எவ்வளவு மீனை விட்டுவைத்தால் லாபம்? கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகக் கணிதப் பேராசிரியர் காலின் கிளார்க் இதை நுண்கணிதத்தால் அணுகினார். நுண்கணிதத்தின் கோட்பாட்டுப் பக்கத்துக்கென்றே பாடநூல் எழுதியவர் அவர். 1976இல் வந்த அவரது 'மேத்தமேடிக்கல் பயோஎகனாமிக்ஸ்' இத்துறையின் அடிப்படை நூல்.

கணக்கைச் சின்னதாகப் போடலாம். ஒரு மீன்பரப்பில் அதிகபட்சம் 1000 டன் மீன் வாழ முடியும். குறைவாக இருக்கும்போது ஆண்டுக்குச் சுமார் 40% பெருகும். கூட்டம் கூடக்கூட இரை போதாமல் வேகம் குறையும். 1000 டன்னில் வளர்ச்சி பூஜ்யம். உச்சம் பாதியில், அதாவது 500 டன்னில்: ஆண்டுக்கு 100 டன். அந்த 100 டன்னை மட்டும் பிடித்தால் இருப்பு குறையாது. சரி, கணக்கு முடிந்தது என்றுதான் பலரும் நினைத்தார்கள்.

கிளார்க் வட்டியை உள்ளே கொண்டுவந்தார். இருப்பில் ஒரு டன் கூடினால் ஆண்டு வளர்ச்சி எவ்வளவு கூடும்? பிளஸ் டூவில் படித்த வகைக்கெழு இதுதான். 500 டன்னில் அது பூஜ்யம். அந்தக் கடைசி டன் கடலில் எதையும் சம்பாதிக்கவில்லை. விற்றுப் பணமாக்கினால் வட்டியாவது வரும். 350 டன்னில் ஒரு டன் ஆண்டுக்கு 120 கிலோ கூட்டும். பணத்துக்கு 12% வட்டி கிடைக்கும் உரிமையாளர் இருப்பை அதுவரை குறைத்து, அங்கே நிறுத்துவார். நூற்றுக்கு மூணு வட்டி என்றால் ஆண்டுக்கு 36%. அந்தக் கடனில் படகு ஓட்டுபவருக்கு, தடைக்காலத்திலும் வட்டி ஏறுபவருக்கு, கணக்கு 50 டன்னில்தான் நிற்கிறது. ஆண்டு வளர்ச்சி வெறும் 19 டன். வட்டி 40%ஐத் தாண்டினால் கடைசி மீன் வரை பிடிப்பதே லாபம்! இதற்குப் பேராசையோ அறியாமையோ தேவையில்லை என்பதுதான் என்னை உறுத்துகிறது.

நீலத் திமிங்கலம் ஆண்டுக்குச் சில சதவீதமே பெருகும். சாதாரண வங்கி வட்டியே அதைத் தோற்கடித்துவிடும்.

பிடிக்கும் செலவை நான் விட்டுவிட்டேன். மீன் அருகினால் டீசல் கூடுதலாகச் செலவாகும். அதனால் நிஜத்தில் சற்று முன்பே நிறுத்துவார்கள். மத்தி போலக் கூட்டமாகத் திரியும் மீனுக்கு அந்தக் காப்பும் குறைவு.

அப்புறம், இவ்வளவு நேரம் பரப்புக்கு ஒரே உரிமையாளர் இருப்பதாக வைத்துக்கொண்டோம். கடல் அப்படியில்லை. டீசல் காசும் கூலியும் மட்டும் தேறும் வரை புதுப் படகுகள் வந்துகொண்டே இருக்கும் என்று பொருளியலாளர் ஸ்காட் கார்டன் 1954இலேயே காட்டினார். நான் விட்ட மீனைப் பக்கத்துப் படகு அள்ளிவிடும் என்றால் எனக்கு அதன் நாளைய மதிப்பு பூஜ்யம். கிளார்க்கின் சமன்பாட்டில் இது முடிவிலி வட்டிக்குக் கடன் வாங்கிய ஒரே உரிமையாளரின் நிலைதான்.